உறவைப் பிரிப்பது பங்கா? மறைவா?

மாதப் பாடம்: சட்டம் அறிவோம்

(குழுக் கூட்டத்தில் ஒருவர் உரக்க வாசிக்க, மற்றவர்கள் கேட்கவும். நேரம் போதாவிட்டால் இரண்டு கூட்டங்களாகப் பிரித்து வாசிக்கலாம்.)



வாரச் சேமிப்பு, உள்கடன், வட்டி, வங்கிக் கடன் என்று எல்லாக் கணக்கையும் நாம் பார்க்கக் கற்றுக்கொண்டோம். பத்து ரூபாய் விடுபட்டாலும் பதிவேட்டைத் திருப்பிப் பார்க்கிறோம். ஆனால் ஒரு கணக்கை மட்டும் யாரும் வாய் திறந்து கேட்பதில்லை. அது பிறந்த வீட்டுக் கணக்கு.

"கேட்டா அண்ணன் மூஞ்சி திருப்பிக்குவாரு." "தீபாவளிக்குச் சீர் வராது." "சீரும் நகையும் போட்டுத்தானே கட்டிக் குடுத்தாங்க, இன்னும் என்ன கேக்கறது?" இப்படி நமக்கு நாமே சொல்லிக்கொள்கிறோம். ஒரே தாய் வயிற்றில் பிறந்தவர்களில் ஒருவர் நிலத்தில் போர் போட்டுக் கரும்பு வைக்கிறார். இன்னொருவர் விருத்தாசலம் செராமிக் கம்பெனியில் அகல் விளக்குக்கும் பொம்மைக்கும் பினிஷிங் பார்த்துக் கூலி வாங்குகிறார். உழைப்பில் இருவரும் குறைந்தவர்கள் இல்லை. பல வீடுகளில் ஒரே ஒரு நாளில், ஒரே ஒரு காகிதத்தில், இருவர் வாழ்க்கையும் இரண்டு பக்கமாகப் பிரிந்திருக்கும்.

அந்தக் காகிதத்தைப் பற்றித்தான் இந்த மாதப் பாடம்.

55 ஆண்டு கழித்து வந்த பங்கு

தமிழ்நாட்டில் நடந்த ஒரு வழக்கை முதலில் பார்ப்போம். 'அருணாச்சல கவுண்டர் எதிர் பொன்னுசாமி' என்பது அதன் பெயர்.

அண்ணன் தம்பி இரண்டு பேர். அவர்களில் ஒருவர் 1938-ல் கோர்ட் ஏலத்தில் தன் சொந்தப் பணத்தில் நிலம் வாங்கினார். அவருக்கு ஒரே ஒரு மகள். மற்றவருக்கு ஒரு மகனும் நான்கு மகள்களும். நிலம் வாங்கியவர் உயில் எழுதாமல் இறந்தார். அவருடைய மகளும் குழந்தை இல்லாமல் 1967-ல் இறந்தார். நிலம் யாருக்கு?

"எல்லாம் எங்களுக்கே" என்றது மகன் பக்கம். "நாங்களும் ஐந்தில் ஒருவர்தானே, ஐந்தில் ஒரு பங்கு கொடுங்கள்" என்று நான்கு சகோதரிகளில் ஒருவர் வழக்குப் போட்டார்.

வழக்கில் பெரிய சண்டை எதைப் பற்றி தெரியுமா? நிலம் வாங்கியவர் எந்த வருடம் இறந்தார் என்பது பற்றி. "1949-ல் இறந்தார்" என்றது ஒரு பக்கம். "இல்லை, 1957-ல்" என்றது மறு பக்கம். ஏன் அந்தத் தேதி முக்கியம்? இந்து வாரிசுரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்தது 1956-ல். அதற்கு முன் இறந்திருந்தால் பழைய வழக்கப்படி மகளுக்குப் பங்கு இல்லை, ஆண் வழிக்கே போகும் என்பது எதிர்ப்பக்கத்தின் வாதம்.

கீழ்க் கோர்ட் 1949 என்றே முடிவு செய்து, 1994-ல் வழக்கைத் தள்ளுபடி செய்தது. சென்னை உயர் நீதிமன்றமும் 2009-ல் அதையே உறுதி செய்தது. உச்ச நீதிமன்றம் 2022 ஜனவரி 20 அன்று இரண்டு தீர்ப்புகளையும் மாற்றியது. தகப்பனார் சொந்தமாகச் சம்பாதித்த சொத்து 1956-க்கு முன்பே இருந்தாலும் மகளுக்குத்தான் போகும். அந்த மகள் 1967-ல் இறந்தபோது 1956-ஆம் ஆண்டுச் சட்டம் இருந்தது. ஆகவே மகனுக்கும் நான்கு சகோதரிகளுக்கும் ஆளுக்கு ஐந்தில் ஒரு பங்கு என்று தீர்ப்பு வந்தது.

நியாயம் கிடைத்தது. ஆனால் தீர்ப்பின் தலைப்பைப் பாருங்கள். மேல்முறையீடு செய்தவர் பெயருக்குப் பக்கத்தில் 'இறந்துவிட்டார், வாரிசுகள் மூலம்' என்று இருக்கிறது. 1967-ல் வந்த பங்குக்கு 2022-ல் தீர்ப்பு. நடுவில் 55 ஆண்டுகள். கூடப்பிறந்தவர்கள் கோர்ட் வாசலில் எதிரும் புதிருமாக நின்று வயதாகிப்போனார்கள்.

இதில் நமக்கு இரண்டு பாடம். ஒன்று, மகளுக்கு உரிமை உண்டு. இரண்டு, உரிமை இருந்தாலும் காகிதம் கையில் இல்லாவிட்டால் அது பேரப்பிள்ளை காலத்தில்தான் வரும். இறப்புச் சான்றிதழ் சின்னக் காகிதம்தான். அதை ஒழுங்காக வாங்கி வைக்காத குடும்பத்தில், அப்பா இறந்த தேதியே வழக்காகிவிடும்.

அக்காவுக்கு இல்லை, தங்கைக்கு உண்டு

சட்டம் மகள்களை ஒரே நாளில் சமமாக்கவில்லை. படிப்படியாகத்தான் வந்தது.

1956: அப்பா சொந்தமாகச் சம்பாதித்த சொத்து, அவர் உயில் எழுதாமல் இறந்தால், மனைவி, மகன், மகள், அப்பாவின் தாய் எல்லாருக்கும் சம பங்கு என்று சட்டம் வந்தது. ஆனால் பூர்வீகச் சொத்தில் பிறப்பால் வரும் உரிமை மகன்களுக்கு மட்டும்தான் இருந்தது.

1989: மார்ச் 25 முதல் பூர்வீகச் சொத்திலும் மகளுக்குச் சம உரிமை என்று தமிழ்நாடு அரசு சட்டம் கொண்டுவந்தது. மத்திய அரசு செய்வதற்கு 16 ஆண்டு முன்பே நம் மாநிலம் செய்தது. ஆனால் அதில் ஒரு நிபந்தனை இருந்தது. அந்தத் தேதிக்கு முன் கல்யாணம் ஆன மகளுக்கு அந்த உரிமை கிடையாது. ஒரே வீட்டில் 1988-ல் கல்யாணமான அக்காவுக்கு இல்லை, 1990-ல் கல்யாணமான தங்கைக்கு உண்டு. அக்கா தங்கைக்கு நடுவிலேயே ஒரு கோடு விழுந்தது.

2005: செப்டம்பர் 9 முதல் மத்திய அரசின் திருத்தச் சட்டம் அந்தக் கோட்டை அழித்தது. கல்யாணம் ஆனாலும் ஆகாவிட்டாலும், எந்த வருடம் ஆனாலும், மகள் மகனைப் போலவே பிறப்பால் பங்காளி. ஆனால் 2004 டிசம்பர் 20-க்கு முன்பே பதிவு செய்த பாகப்பிரிவினையோ, விற்பனையோ, கோர்ட் மூலம் நடந்த பிரிவினையோ இருந்தால் அதைத் திருப்பிக் கிளற முடியாது.

2020: "அப்பா 2005-க்கு முன்பே செத்துட்டாரு, உனக்குக் கிடையாது" என்று பலர் சொல்லி வந்தார்கள். ஆகஸ்ட் 11 அன்று வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது. 2005-ல் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டிய அவசியம் இல்லை. "வாய்மொழியா அப்பவே பிரிச்சிட்டோம்" என்று சும்மா சொன்னால் அதைக் கோர்ட் எளிதில் ஏற்காது என்றும் அதே தீர்ப்பு சொன்னது.

மற்ற மதச் சகோதரிகளுக்கு வேறு சட்டம். கிறிஸ்தவ மகளுக்கு 1925-ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டப்படி மகனுக்குச் சமமான பங்கு. கேரளத்தில் பழைய திருவிதாங்கூர்ச் சட்டத்தைக் காட்டி, மகன் பங்கில் கால் பங்கு அல்லது 5,000 ரூபாய், இரண்டில் எது குறைவோ அதுதான் மகளுக்கு என்று வைத்திருந்தார்கள். கோட்டயத்தில் பள்ளிக்கூடம் நடத்திய மேரி ராய் அதை எதிர்த்து வழக்காடி 1986-ல் வென்றார். எழுத்தாளர் அருந்ததி ராயின் தாயார் அவர். சொந்தச் சகோதரனோடு மனத்தாங்கல் வந்தபோதும் அவர் பின்வாங்கவில்லை. இஸ்லாமியச் சட்டத்தில் மகனும் மகளும் இருந்தால், மகனுக்குக் கிடைப்பதில் பாதி மகளுக்கு.

நாமே கணக்குப் போடுவோம்

பதிவேடு எழுதும் உறுப்பினர் கரும்பலகையில் போட்டுக் காட்டவும்.

ஒரு குடும்பம். அப்பா இறந்துவிட்டார், உயில் இல்லை. பாட்டியும் இல்லை. அம்மா இருக்கிறார். இரண்டு மகன், இரண்டு மகள். நிலம் 3 ஏக்கர், அதாவது 300 சென்ட்.

முதல் கணக்கு: நிலம் அப்பா சொந்தமாக வாங்கியது. அம்மாவோடு சேர்த்து ஐந்து பேர். ஆளுக்கு 60 சென்ட்.

இரண்டாம் கணக்கு: நிலம் பூர்வீகம், இதுவரை பிரிக்கவில்லை. முதலில் அப்பா, இரண்டு மகன், இரண்டு மகள் என்று ஐந்து பங்கு. ஆளுக்கு 60 சென்ட். பிறகு அப்பாவின் 60 சென்டை அம்மாவும் நான்கு பிள்ளைகளும் பிரித்தால் ஆளுக்கு 12 சென்ட். ஆகப் பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் 72 சென்ட். அம்மாவுக்கு 12 சென்ட் மட்டும்.

அம்மாவுக்கு எவ்வளவு குறைகிறது பார்த்தீர்களா? பூர்வீக நிலத்தைப் பிரிக்கும்போது மகன்களும் மகள்களும் சண்டை போடுகிற சத்தத்தில் அம்மாவை மறந்துவிடக் கூடாது. அவருக்கு வீடோ, மாதப் படியோ பேசி எழுதி வையுங்கள்.

ஒன்றை மறக்க வேண்டாம். அப்பா சொந்தமாகச் சம்பாதித்ததை உயில் மூலம் யாருக்கு வேண்டுமானாலும் எழுதலாம். பூர்வீகத்தில் தன் பங்கை மட்டும்தான் எழுத முடியும்.

கையெழுத்துக்கு முன்

செராமிக் வேலை தெரிந்த சகோதரிகளுக்கு இதைச் சொன்னால் உடனே புரியும். அச்சில் இருந்து எடுத்த பச்சைப் பொம்மை கோணலாக இருந்தால் என்ன செய்கிறோம்? உடைத்துத் தண்ணீரில் கரைத்து மறுபடியும் அச்சில் ஊற்றுகிறோம். சூளையில் வெந்த பிறகு முடியுமா? முடியாது. பத்திரமும் அப்படித்தான். பதிவுக்கு முன் எதையும் மாற்றலாம். பதிவு ஆன பிறகு கோர்ட் படிதான் ஏற வேண்டும்.

நம்மிடம் கையெழுத்து கேட்கும் பத்திரங்கள் பெரும்பாலும் இவைதான்:

விடுதலைப் பத்திரம்: என் பங்கை உனக்கு விட்டுக் கொடுத்துவிட்டேன் என்பது. பணம் வாங்கியதாக எழுதியிருந்தால், அந்தப் பணம் உண்மையில் கைக்கு வந்ததா என்று பாருங்கள்.

பாகப்பிரிவினைப் பத்திரம்: யார் யாருக்கு எது என்பது. உங்கள் பெயரும், சர்வே எண்ணும், அளவும், நான்கு எல்லையும் இருக்கிறதா என்று பாருங்கள்.

தான செட்டில்மெண்ட்: உறவினருக்கு இலவசமாக எழுதிக் கொடுப்பது. கொடுத்தால் கொடுத்ததுதான். பிறகு மனம் மாறினாலும் சாதாரணமாகத் திரும்ப வராது.

பவர் பத்திரம்: எனக்குப் பதிலாக இவர் விற்கலாம், அடமானம் வைக்கலாம் என்று அதிகாரம் கொடுப்பது. "அலைச்சல் இல்லாம நான் பாத்துக்கறேன்" என்று சொல்லி வாங்கும் கையெழுத்து பெரும்பாலும் இதுதான்.

"பட்டா மாத்தறதுக்கு ஒரு கையெழுத்துதான்மா" என்று கூப்பிட்டால், அது எந்தப் பத்திரம் என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். சார்பதிவாளர் முன் போனதும் அவர் "நீங்கதான் எழுதிக் குடுத்தீங்களா? சம்மதமா?" என்று கேட்பார். அந்த ஒரு நிமிடம் உங்களுடையது. புரியவில்லை என்றால் "எனக்குப் படிச்சுக் காட்டலைங்க" என்று அங்கேயே சொல்லலாம். நீங்கள் எழுதிக் கொடுக்கவில்லை என்று சொன்னால் உங்கள் பெயரில் அதைப் பதிவு செய்ய முடியாது.

ஏற்கெனவே ஏமாந்து கையெழுத்துப் போட்டுவிட்டவர்களும் சோர்ந்துவிட வேண்டாம். ஏமாற்றுப் பத்திரத்தை ரத்து செய்ய, ஏமாற்றம் தெரிய வந்த நாளில் இருந்து பொதுவாக 3 ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். "பாக்கலாம் பாக்கலாம்" என்று நாளை ஓட்டினால் கதவு மூடிவிடும்.

ஆற்றில் போட்டது குளத்தில் கிடைக்குமா?

'ஆத்துல போட்டுட்டுக் குளத்துல தேடறது' என்ற பழமொழி நம் ஊர்க் கதையில் இருந்துதான் சொல்லப்படுகிறது. சுந்தரமூர்த்தி நாயனார் பழமலைநாதரிடம் 12,000 பொன் பெற்று, அதை மணிமுத்தாற்றில் போட்டுவிட்டு, திருவாரூர் கமலாலயக் குளத்தில் எடுத்தார் என்பது ஐதீகம். அந்தக் கதையில் நாம் கவனிக்காத ஒரு விஷயம் உண்டு. ஆற்றில் போடுவதற்கு முன், மாற்றுப் பார்ப்பதற்காகப் பொன்னில் ஒரு சிறு துண்டை வெட்டிக் கையில் வைத்துக்கொண்டார். அதற்கு மச்சம் என்று பெயர். கடவுளையே நம்பிப் போட்டவர்கூட கையில் ஒரு ஆதாரம் வைத்துக்கொண்டார்!

நாம் வைத்துக்கொள்ள வேண்டிய மச்சம் இவை:

1. அப்பா, அம்மா இறப்புச் சான்றிதழ், தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ். வாரிசுச் சான்றிதழில் மகள்கள் பெயர் விடுபடாமல் இருக்கிறதா என்று பாருங்கள். பெயரை விட்டுவிட்டு வாங்குவதுதான் முதல் மறைவு.

2. நிலத்தின் மூலப் பத்திர நகல், சர்வே எண், பட்டா நகல். பட்டாவை அரசின் 'எங்கிருந்தும் எந்நேரமும்' இணையதளத்தில் பார்க்கலாம். இ-சேவை மையத்திலும் கேட்கலாம்.

3. வில்லங்கச் சான்று. நிலத்தை யார் யாருக்கு விற்றார்கள், அடமானம் வைத்தார்கள் என்பது அதில் தெரியும். பதிவுத்துறை இணையதளத்தில் கட்டணம் இல்லாமலே பார்க்கலாம். வீட்டில் பள்ளி, கல்லூரி படிக்கும் பிள்ளையைப் பார்த்துச் சொல்லச் சொல்லுங்கள். ஆனால் பதிவு செய்யாத கைக்கடன் அதில் வராது.

4. நீங்கள் கையெழுத்துப் போட்ட எந்தக் காகிதத்துக்கும் ஒரு நகல்.

எப்படிக் கேட்பது?

பங்கு கேட்பது சண்டை இல்லை. சண்டை வருவது பெரும்பாலும் மறைத்தது பிறகு தெரிய வரும்போதுதான். பட்டா எப்போதோ மாறியது, அடமானம் வைத்தது, ஒரு தங்கைக்கு மட்டும் ரகசியமாகப் பணம் கொடுத்தது. இதெல்லாம் வெளியே வரும்போது நிலத்தைவிட மனம்தான் அதிகம் உடைகிறது.

இப்படித் தொடங்கலாம்: "அண்ணே, நான் வேணும்னும் சொல்லல, வேணாம்னும் சொல்லல. எல்லாரும் ஒரு நாள் உக்காந்து பேப்பரை எடுத்து வச்சுப் பேசிடுவோம். நாளைக்கு நம்ம புள்ளைங்க அடிச்சுக்கக் கூடாது."

பேசும்போது அண்ணன் பக்கமும் கேளுங்கள். போர் போட்ட செலவு, அப்பாவின் வைத்தியச் செலவு, தங்கை கல்யாணக் கடன் என்று அவருக்கும் ஒரு கணக்கு இருக்கும். அதையும் எழுதுங்கள். பெற்றோரைப் பராமரிக்கும் பொறுப்பு 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி மகனுக்கும் மகளுக்கும் பொது. பங்கில் சமம் என்றால் கஞ்சி ஊற்றுவதிலும் சமம்.

இன்னொன்றையும் மனம் திறந்து பேச வேண்டும். நம் குழுவில் பங்கு கேட்கும் நாத்தனாரும் இருக்கிறார், "நாங்க கஷ்டப்பட்டுப் பார்த்த நெலம் ஆச்சே" என்று கலங்கும் அண்ணியும் இருக்கிறார். நாம் ஒவ்வொருவரும் ஒரு வீட்டில் நாத்தனார், இன்னொரு வீட்டில் அண்ணி. பிறந்த வீட்டில் எது நியாயம் என்று கேட்கிறோமோ, அதையே புகுந்த வீட்டிலும் சொல்லத் துணிவு வேண்டும்.

யோசித்து, தெரிந்து, "அண்ணன் கஷ்டத்துல இருக்காரு, நான் விட்டுக் குடுக்கறேன்" என்று ஒரு சகோதரி முடிவு செய்தால் அது அவர் பெருந்தன்மை. அதை யாரும் கேலி செய்யக் கூடாது. தெரியாமல் போனால் அதற்குப் பெயர் பெருந்தன்மை இல்லை.

பேச்சில் முடியாவிட்டால்

மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் கோயிலில் மக்கள் தங்கள் குறையைப் பிராதாக எழுதிக் கட்டுவதும், குறை தீர்ந்ததும் அதை வாபஸ் வாங்குவதும் நமக்குத் தெரிந்ததுதான். பேர், ஊர், குறை எல்லாவற்றையும் தெளிவாக எழுதுகிறோம். அந்த மாதிரியே சட்டத்தின் முன்னும் எழுத்தில் கேட்க நாம் தயங்கக் கூடாது.

பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவச சட்ட உதவி தர வேண்டும் என்று 1987-ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் சொல்கிறது. நீதிமன்ற வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவில் விண்ணப்பிக்கலாம். வக்கீலையும் அவர்களே ஏற்பாடு செய்வார்கள். 15100 என்ற எண்ணில் இலவசமாகப் பேசலாம். மக்கள் நீதிமன்றத்தில் இரு பக்கமும் சம்மதித்து முடித்துக்கொண்டால் அதன் மேல் அப்பீல் கிடையாது, கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். 55 ஆண்டு காத்திருப்பதைவிட இது மேல். பங்கு கேட்டதற்காக அடி, மிரட்டல் வந்தால் 181 என்ற மகளிர் உதவி எண்ணை அழையுங்கள்.

குழுவில் பேச வேண்டிய கேள்விகள்

1. நம் குழுவில் எத்தனை பேருக்குப் பிறந்த வீட்டு நிலத்தின் சர்வே எண் தெரியும்?

2. 1987-ல் கல்யாணமான ஒரு சகோதரி. அப்பா 2001-ல் இறந்தார். பூர்வீக நிலம் இன்னும் பிரிக்கவில்லை. அவருக்குப் பங்கு உண்டா? (விடை: உண்டு.)

3. சீரும் நகையும் கொடுத்துவிட்டால் பங்கு போய்விடுமா? (விடை: போகாது. பதிவு செய்த விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்தால் போகும்.)

4. நாத்தனார் பங்கு கேட்டு நம் வாசலுக்கு வந்தால் நாம் முதலில் என்ன சொல்வோம்? ஒவ்வொருவரும் உண்மையைச் சொல்லவும்.

இந்த மாதச் செயல்

அடுத்த கூட்டத்துக்கு வரும்போது ஒவ்வொருவரும் ஒரு காகிதத்தின் நகல் கொண்டு வர வேண்டும்: இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், பட்டா, இவற்றில் ஏதாவது ஒன்று. பிறந்த வீட்டினுடையதாகவும் இருக்கலாம், புகுந்த வீட்டினுடையதாகவும் இருக்கலாம். கிடைக்காதவர்கள் யாரிடம் கேட்டோம், என்ன பதில் வந்தது என்று சொன்னால் போதும். செயலாளர் அதைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதி வைக்கவும். யாராவது கையெழுத்துக்குக் கூப்பிடப்பட்டிருந்தால், போவதற்கு முன் படிக்கத் தெரிந்த ஒரு உறுப்பினரைத் துணைக்கு அழைத்துச் செல்லவும்.